மஞ்சள் சாக்பீஸ்

கடற்பறவைக் கூடுகளை எண்ணப் பாறைத் தீவுக்குப் போனவர்கள் மூவர்: நான், என் தங்கை, அவள் கணவர். எண்ணி முடித்த கூட்டருகே அவரவர் நிறச் சாக்பீஸால் கோடிடுவது எங்கள் குடும்ப வழக்கம். மஞ்சள் என் தம்பியின் நிறம். போன வருடம் அவன் இறந்துவிட்டான். செங்குத்துச் சரிவில் இறங்க அவனால் மட்டுமே முடியும். அங்குள்ள கூடுகளை எண்ணாவிட்டால், மூன்று தலைமுறையாகத் தவறாத எங்கள் கணக்கு பொய்யாகிவிடும்.

விளிம்பிலிருந்து அந்தச் சரிவை எட்டிப் பார்த்தோம். இந்த வருடம் கட்டிய கூடுகள் ஒவ்வொன்றின் அருகிலும் மஞ்சள் கோடு இருந்தது.

“சோம்பேறின்னு திட்டுவியேண்ணே, நமக்கு முன்னாடியே வந்துட்டான் பாரு!” என்று தங்கை கைதட்டிச் சிரித்தாள். நானும் சிரித்தேன்.

நாங்கள் பயந்து ஓடிவந்ததாக ஊரில் பேச்சு. தவறு. உட்கார்ந்து நான்கு கோப்பைகளில் தேநீர் ஊற்றினோம். நான்கும் காலியான பிறகே புறப்பட்டோம்.