மாமியார் விடலையாம்

"ஏம்மா, நீயெல்லாம் இந்தக் காலத்துல ஒரு மாமியாரா?"

சேலத்திலிருந்து முதல் பஸ் பிடித்து வந்திருந்த பிரவீனா, செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்துவிட்டாள்.

வேகவைத்த மஞ்சளை வாசலில் காயப்போட்டுக்கொண்டிருந்த அம்மா கந்தம்மாள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "வா சாமி. காப்பி குடிக்கிறியா?"

"காப்பி கெடக்குது. இன்னைக்கு என்ன நாளுன்னு தெரியுமா உனக்கு?"

"திங்கக்கெழம."

பிரவீனாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அமெரிக்காவில் வருஷா வருஷம் லத்தீன் ஆல்டர்நேட்டிவ் ஆல்பம் ஒன்றுக்கு விருது கொடுக்கிறார்கள். ஸ்பானிஷ் பாட்டுதான். ஆனால் ராக், நாட்டுப்பாட்டு, இன்னும் என்னென்னவோ கலந்து, எந்த வகையிலும் அடங்காத பாட்டு. இந்த வருஷம் கடைசிச் சுற்றுக்கு வந்த ஆல்பங்களில் ஒன்றைப் பாடியவள் பிரவீனாவின் அண்ணி மரிசோல். பொகோட்டாக்காரி. வேலைக்காகக் கொலம்பியா போன அண்ணன் சந்தோஷ்குமாரைக் காதலித்து, நாமகிரிப்பேட்டைக்கு மருமகளாக வந்தவள்.

இந்நேரம் அவள் அந்த விழா மேடைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்க வேண்டும். மாமியார் வீட்டில் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"நாலு மாசப் புள்ளத்தாச்சி பிளேன்ல போகலாம்னு டாக்டரே சொல்லிட்டாரு. நீ எதுக்கும்மா தடுத்த?"

"வேண்டாம்னு பட்டுது. சொன்னேன்."

"பெங்களூர்ல உக்காந்துக்கிட்டு அண்ணனும் வாயத் தொறக்கல. அண்ணியோட பேண்டுல அத்தனை பேரும் போன் பண்ணிக் கெஞ்சுனாங்களாமே?"

"ஆமா, அந்த முடி நீளமா வெச்ச பையன் எங்கிட்டயே பேசுனான். என்ன சொன்னான்னு ஒண்ணும் வெளங்கல. முடியாது, முடியாதுன்னு சொல்லி போனை வெச்சுட்டேன்."

"பஸ்ஸ விட்டு எறங்குனதும் பக்கத்து ஊட்டு மஞ்சுளா அக்கா கேக்கறாங்க, 'உங்கம்மா அந்தப் புள்ளய விடலையாமே'ன்னு. எனக்கு மூஞ்சிய எங்க வெச்சுக்கறதுன்னே தெரியல."

"மஞ்சுளாவுக்கு வேற என்ன சோலி?"

"உன்ற மகளா இருந்தா விட்டிருப்ப. மருமகதான, கெடக்கட்டும்னு உக்கார வெச்சுட்ட."

கந்தம்மாளின் கை ஒரு கணம் மஞ்சள் மேல் நின்றது. அப்புறம் எழுந்து முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டாள். "ஊட்டுக்குள்ள வா. ஆரம்பிச்சுருவாங்க."

கட்டில் மேல் லேப்டாப் திறந்திருந்தது. மரிசோல் நகத்தைக் கடித்தபடி உட்கார்ந்திருந்தாள். "வாங்க பிரவீனா" என்று சொல்ல வாய் திறந்தவள், திரையில் உறை பிரிபடுவதைப் பார்த்ததும் அப்படியே நிறுத்திக்கொண்டாள்.

பெயர் வாசித்தார்கள்.

மரிசோல் போட்ட கூச்சலில் வாசலில் மேய்ந்த கோழிகள் சிதறி ஓடின. மாமியாரைக் கட்டிப்பிடித்து முத்தம் கொடுத்தாள். நாத்தனாரைக் கட்டிப்பிடித்தாள். அழுதாள், சிரித்தாள். மூன்று பேரும் கொஞ்ச நேரம் ஒருவர் பேசுவது ஒருவருக்குக் கேட்காமல் பேசினார்கள்.

மேடையில் பேண்டுக்காரர்கள் ஏறியிருந்தார்கள். நீள முடிக்காரன் விருதைத் தூக்கிக் காட்டி ஸ்பானிஷில் ஏதோ சொன்னான். கூட்டம் சிரித்தது. உடனே "ஊ... ஊ..." என்று கத்தியது.

"என்ன அண்ணி சொல்றாரு?"

மரிசோலின் முகம் சிவந்துவிட்டது. "ஒண்ணுமில்லீங்க."

"பரவால்ல, சொல்லுங்க."

"எங்க மரிசோல் இங்க இல்ல, இந்தியாவுல அவ மாமியார் விடலைன்னு..."

கந்தம்மாள் வாய்விட்டுச் சிரித்தாள். "அத்தன பெரிய மேடைல என்னையச் சொன்னானா?"

"சிரிக்கிறியாம்மா? உலகமே உன்னைத் திட்டுது!"

"திட்டிட்டுப் போறாங்க. நல்ல சேதி வந்துருக்குது, கொஞ்சம் கேசரி கிண்டறேன்." சமையலறைக்குள் போய்விட்டாள்.

பிரவீனா அண்ணியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"மன்னிச்சுக்குங்க அண்ணி. அந்த விருதை நீங்க உங்க கையால வாங்கியிருக்கணும். எங்கம்மாவால..."

மரிசோல் சமையலறைப் பக்கம் ஒருமுறை பார்த்தாள். அவளுடைய தமிழ் முழுக்க மாமியாரிடம் கற்றது.

"அத்தை என்னையத் தடுக்கலீங்க. நாந்தான் போகல."

"என்ன சொல்றீங்க?"

"போன வருஷம் இந்த ஆல்பம் பாடறதுக்கு எங்க ஊருக்குப் போயிட்டு வந்தனுங்களே... வந்த வாரமே ஒரு கரு கலைஞ்சு போச்சுங்க. உங்க அண்ணனுக்கும் அத்தைக்கும் தவிர ஆருக்கும் தெரியாது. பிரயாணத்தால இல்லைன்னு டாக்டர் அப்பவே சொன்னாரு. இப்பவும் போகலாம்னுதான் சொல்றாரு. எனக்குத்தான் பயம் போகல."

சமையலறையில் ரவை வறுபடும் வாசம் வந்தது.

"அதை உங்க பேண்டுல சொல்லியிருக்கலாமே அண்ணி?"

"காலேஜ்ல இருந்து ஒண்ணாப் பாடறோம். பயமா இருக்குதுன்னு சொன்னா தைரியம் சொல்லிக் கூப்புடுவாங்க. அவங்க கூப்புட்டா என்னால மாட்டேன்னு சொல்ல முடியாது, போயிருவேன். ஒரு நாளு முச்சூடும் அழுதுட்டே இருந்தனுங்க. அத்தைதான் பக்கத்துல உக்காந்து ஒரு வழி சொன்னாங்க."

"என்ன வழி?"

மரிசோல் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கந்தம்மாளின் குரலிலேயே சொன்னாள்:

"'பழிய எம்மேல போட்டுரு சாமி. மாமியாக்காரி விடலைன்னா எந்த நாட்டுலயும் நம்புவாங்க!'"