எட்டு பைட் சாட்சி

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்குத் தேயிலைத் தோட்டத்து ஆபீசைத் திறந்து உள்ளே போன கம்ப்யூட்டர் கிளார்க் கஜேந்திரன், முந்தின நாள் பிற்பகல் முழுக்கத் தான் அங்கேயே உட்கார்ந்து வேலை செய்திருப்பதென்று முடிவு செய்தான்.

சனிக்கிழமை ஒரு மணியிலிருந்து ஐந்து மணிவரை ஆபீசில் தனி ஆளாக இருக்க வேண்டியது அவன் முறை. அவனோ கதவைப் பூட்டிவிட்டு எல்ல என்ற ஊருக்குப் போயிருந்தான். அங்கே அவன் செய்த காரியம் மேனேஜர் காதுக்கு எட்டினால் வேலை போய்விடும். முறை நேரத்தில் நழுவியதற்காக ஏற்கெனவே இரண்டு எச்சரிக்கைக் கடிதங்கள் வாங்கியாயிற்று. வேலை போனால் குவார்ட்டர்சும் போகும். ஏழு மாத கர்ப்பிணியான மனைவி நிரஞ்சலாவைக் கூட்டிக்கொண்டு மாமனாரின் ஒற்றை அறை லயத்துக் காம்பராவில்தான் போய் ஒண்ட வேண்டும். மாமனாரோடு ஒரே காம்பராவில் காலம் தள்ளுவதை நினைத்துப் பார்த்ததில், குற்றம் செய்வது அவனுக்கு ரொம்பச் சுலபமாகத் தெரிந்தது.

போன் அடித்தது. நிரஞ்சலாதான்.

“யாராச்சும் பாத்துட்டாங்களாங்க?” என்றாள் ரகசியமாக.

“அறுவது பேருக்கு மேல பாத்தாங்க. மொகத்ததான் துணி போட்டு மூடியிருந்துச்சே. ஒருத்தனுக்கும் என்னயத் தெரியாது.”

“சட்டையில இருக்கிற செவப்பு மூணு தரம் தொவச்சும் போகலீங்க.”

“அடுப்புல போட்டுரு,” என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தான்.

ஆபீஸ் வாசலில் விரல் ரேகை மெசின் ஒன்று இருக்கிறது. வருபவர் போகிறவர் எல்லாரும் அதில் விரல் வைக்க வேண்டும். அதை விற்ற ஆசாமிகள் ஆறே மாதத்தில் கடையைக் கட்டிக்கொண்டு போய்விட்டதால், உள்ளே சேர்ந்த பதிவுகளைப் படிக்க வழியில்லாமல் போயிற்று. கோப்பைத் திறந்தால் மனிதன் வாசிக்கும்படி ஒன்றும் இருக்காது. பதுளை டவுனில் ஆறு மாத கோர்ஸ் படித்த கஜேந்திரன்தான் அதற்கு வழி கண்டான். ஒவ்வொரு பதிவும் எட்டு பைட். முதல் இரண்டு ஊழியர் எண், அடுத்த நான்கு நேரம், ஒன்று உள்ளே வந்தாரா வெளியே போனாரா என்பது, கடைசி ஒன்று சரிபார்க்கும் எண். எது எங்கே இருக்கிறது என்று இப்படி ஒரு பட்டியலை மட்டும் எழுதிக் கொடுத்தான். எப்படிப் படிப்பது என்ற தலைவலியைக் கம்ப்யூட்டர் பார்த்துக்கொண்டது. மேனேஜர் எல்லார் முன்னிலையிலும் அவன் கையைக் குலுக்கினார்.

அவர் கேட்காததும் இவன் சொல்லாததுமான விஷயம் ஒன்று உண்டு. எந்தப் பட்டியலை வைத்துக் கோப்பைப் படிக்கிறோமோ, அதே பட்டியலை வைத்து, ஓர் எழுத்தும் மாற்றாமல், புதிய பதிவை உருவாக்கவும் முடியும். ஆளையும் நேரத்தையும் சொன்னால் போதும். சரிபார்க்கும் எண்கூடத் தானாகவே வந்து உட்கார்ந்துகொள்ளும்.

சரியாக ஒரு மணி என்று போட்டால் சந்தேகம் வருமென்று, உள்ளே வந்தது 12.58 என்று போட்டான். வெளியே போனது 5.07. ஏழு நிமிடம் கூடுதலாக உழைத்த தன்னை நினைக்க அவனுக்கே பெருமையாக இருந்தது. கோப்பை மெசினில் திருப்பி ஏற்றிவிட்டு, நிம்மதியாக வீட்டுக்குப் போய் மீன் குழம்பு சாப்பிட்டான்.

திங்கட்கிழமை காலை போலீஸ் ஜீப் வந்து நின்றது.

எஸ்.ஐ. நப்ரீஸ் மேனேஜரின் அறையில் உட்கார்ந்துகொண்டு முதல் ஆளாகக் கஜேந்திரனைத்தான் கூப்பிட்டார்.

“சனிக்கிழம பகல் மூணு மணிக்கு எங்க இருந்தீங்க தம்பி?”

“இங்கதாங்க சார். என்னோட மொற.”

“அதுக்கு என்ன அத்தாட்சி?”

அந்தக் கேள்விக்காகவே காத்திருந்த கஜேந்திரன், பதிவுகளை அச்செடுத்து நீட்டினான். மேனேஜர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தார்.

“அஞ்சு ஏழு வரைக்குமா இருந்தீங்க? நாந்தான் ஒங்களத் தப்பா நெனச்சிட்டேன்,” என்று உருகிப் போனார்.

“இதுல யாராச்சும் கை வச்சி மாத்த ஏலுமா?” என்றார் எஸ்.ஐ.

“நடக்கவே நடக்காதுங்க சார். ஒரு பைட்டு மாறினாக்கூட அந்தக் கடைசி எண்ணு காட்டிக் குடுத்துரும். இத எழுதினது நானு. எனக்குத் தெரியாதா?”

“எழுத்துல தருவீங்களா?”

தந்தான். கேட்டதற்கு மேலேயே தந்தான். உலகத்தில் எவராலும் இதைத் திருத்த முடியாது என்று அழகான கையெழுத்தில் ஒரு பக்கம். மேனேஜர் தோட்டத்து முத்திரையை அதன்மேல் ஓங்கிக் குத்தினார்.

எஸ்.ஐ. கடிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துப் பொத்தானையும் போட்டார்.

“நல்லதாப் போச்சி. சனிக்கிழம மூணு மணிக்கு ஒங்கட பெக்டரி ஸ்டோர்ல இருந்து நாப்பது மூட தேயில லொறியில போயிருக்கி. லொறியக் கண்ட ஆக்கள் இருக்காங்க. பூட்டு ஒடயல்ல. சாவி தொங்குறது இந்த ஆபீஸ்ல. இங்க ஆளில்லாம பூட்டிக் கெடந்திருந்தா, எவன் உள்ள பூந்தான்னு ஊர் முழுக்கத் தேடியிருப்போம். இப்ப அந்த அலச்சல் மிச்சம். ஜீப்புல ஏறுங்க தம்பி.”

கஜேந்திரன் வாயைத் திறந்தான். உண்மையைச் சொல்லித் தப்பலாம் என்றுதான் திறந்தான். பதிவு பொய், நான் இங்கே இல்லை என்று சொன்னால், எழுதித் தந்தீர்களே என்பார்கள். சரி, வேறு எங்கே இருந்தீர்கள் என்று கேட்டால், மூடிக் கிடந்த முகத்துக்குச் சாட்சி சொல்ல ஒரு ஆள் கிடையாது. அவன் திறந்த வாயை மூடிக்கொண்டு ஜீப்பைப் பார்த்து நடந்தான்.

சனிக்கிழமை மூன்று மணிக்கு அவன் எல்ல ரயில் பாதையோரத்தில், ஒரு டெலிநாடகப் படப்பிடிப்பில், நாலாயிரம் ரூபாய்க்கும் ஒரு சோற்றுப் பார்சலுக்கும், அசையாமல் பிணமாகக் கிடந்தான்.