ஆறடி அலை

"சத்தியமாச் சொல்றேன்மா, இதுல ஒரு எழுத்துக்கூடப் பொய் கிடையாது. எழுதிக்கோ!"

பஸ் டிரைவர் மேசையைத் தட்டிய தட்டில் பேனா எகிறிக் கீழே விழுந்தது. அவர் தலையிலிருந்து சொட்டிய தண்ணீர், பதிவேட்டில் நேற்று எழுதிய இரண்டு பெயர்களைக் கரைத்தது.

மேசைக்குப் பின்னால் இருந்தவள் அவருடைய மகள். அந்தச் செயற்கை அலைக்குளத்தில் யார் எத்தனை அடி உயர அலையில் சறுக்குப் பலகை மேல் நின்றார்கள் என்று எழுதி வைப்பது அவள் வேலை. ஏழு மாத வயிறு மேசையில் இடித்ததால், நாற்காலியைப் பின்னால் தள்ளிப் போட்டுக் கையை எட்டி எட்டி எழுதினாள்.

டிரைவருக்குப் பின்னால், ஈர உடம்பில் கழுத்தைச் சுற்றி அளவு டேப்போடு நின்றவர் அவளுடைய மாமனார். தையற்காரர்.

பிறக்கப்போகும் குழந்தைக்கு யார் பெயர் வைப்பது என்று சம்பந்திகளுக்குள் மூன்று மாதமாகத் தகராறு. ஆணோ பெண்ணோ, இரண்டு பேரும் அவரவர் வம்சத்துப் பெயரைத் தயாராக வைத்திருந்தார்கள். எதைத் தொட்டிலில் எழுதினாலும் பாதிப் பெயர் வெளியே தொங்கும். தனக்குப் பிடித்த இரண்டெழுத்துப் பெயரை அவள் சொன்னபோதெல்லாம், "உனக்கென்னம்மா தெரியும்?" என்று இருவரும் சேர்ந்தே சொன்னார்கள். அவர்கள் ஒத்துப்போனது அந்த ஒரு விஷயத்தில்தான். கடைசியில் அவளே ஒரு பந்தயம் வைத்தாள். பெரிய அலையில் நிற்பவர் பெயர் வைக்கலாம். இருவருக்கும் சமமாகிவிட்டால் அவள் வைப்பாள்.

"எத்தனை அடிப்பா?"

"பதினஞ்சு. உச்சிக்குப் போனேனா, மதிலுக்கு அந்தப் பக்கம் பஸ் ஸ்டாண்டே தெரிஞ்சுது. என்னோட பழைய கண்டக்டர் அங்கிருந்து கையாட்டினான். நானும் ஆட்டினேன். வளைவுல எதிர்க்க ஒரு குண்டு ஆளு வந்துட்டாரு. வாயாலயே ஹாரன் அடிச்சேன், பாவம், ஒதுங்கி வழி விட்டாரு."

"சாட்சி வேணுமே. கூட இறங்கினவங்க கையெழுத்துப் போடணும், அதான் இங்க வழக்கம்."

டிரைவர் மெல்லத் திரும்பிச் சம்பந்தியைப் பார்த்தார். பெண்ணெடுத்த நாள் முதல், டிரைவர் வெயில் என்றால் மழை என்று சொல்லி வந்தவர் தையற்காரர். இப்போது தொண்டையைக் கனைத்தார்.

"நானும் பார்த்தேன். பதினஞ்சடிதான்" என்று சொல்லிக் கையெழுத்தும் போட்டார். "ஆனா மருமகளே, என் அலை பதினேழே முக்கால். நான் குத்துமதிப்பாச் சொல்ற ஆளில்ல. டேப்பை விட்டு அளந்தேன்."

"பலகை மேல நின்னுக்கிட்டேவா மாமா?"

"அளந்தது மட்டுமா? அலையோட ஓரம் பிசிறு பிசிறா இருந்துது. மனசு கேக்கல. குனிஞ்சு மடிச்சு விட்டேன். அப்புறம் பாரு, கரைக்கு வர்ற வரைக்கும் ஒரு சொட்டுப் பிரியல."

வயிற்றுக்குள் ஓர் உதை விழுந்தது. அவள் உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"சாட்சி?"

டிரைவர் பேனாவை வெடுக்கென்று பிடுங்கினார்.

"எங்க சம்பந்தி வாயில பொய் வருமா? அவர் மடிச்சதை இந்த ரெண்டு கண்ணால பார்த்தேன்." கையெழுத்தைப் போட்டுவிட்டு நிமிர்ந்தார். "ஆனா ஒண்ணு, நான் சொன்ன பதினஞ்சு முதல் அலைம்மா. ரெண்டாவது இருபத்தஞ்சு. ஒரு காக்கா வந்து என் தோள்ல உக்காந்து, அடுத்த ஸ்டாப் எதுன்னு கேக்கற மாதிரி பார்த்துது."

"வாஸ்தவம்" என்றார் தையற்காரர். "அந்தக் காக்கா முதல்ல என் தோள்லதான் இருந்துது. என் அலை முப்பதடி. அவ்வளவு உசரம் தலை சுத்துதுன்னு உங்கப்பா அலைக்கு இறங்கிருச்சு."

"அப்படித்தான் இருக்கும்" என்று டிரைவர் தலையாட்டினார். "நான்கூட நினைச்சேன், ஏன் அது தள்ளாடிக்கிட்டே வந்துதுன்னு. சரி, என் மூணாவது அலை..."

அவள் பேனாவால் மேசையைத் தட்டினாள்.

"அப்பா, மாமா, ஒரு நிமிஷம். இந்த மெஷின் தலைகீழா நின்னாலும் ஆறடிக்கு மேல அலை போடாது. நான் முப்பதுன்னு எழுதினா என்னை வீட்டுக்கு அனுப்பிடுவாங்க."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அப்ப ஆறுன்னே எழுதிக்கோ" என்றார் டிரைவர், சொத்தை எழுதிக் கொடுப்பவர் போல.

"எனக்கு ஆறே கால்."

"ஆறுதான் மாமா."

"சரி, ஆறு. தையலுக்குக் கால் அடி விட்டதா வெச்சுக்கறேன்."

மறுபடி ஒருவருக்கொருவர் சாட்சிக் கையெழுத்துப் போட்டார்கள்.

"ஆறும் ஆறும் சமம். அப்ப பேர் வைக்கிறது யாரு?"

டிரைவர் வாயைத் திறந்தார். தையற்காரர் அவர் விலாவில் முழங்கையால் ஓர் இடி இடித்தார். திறந்த வாய் மூடிக்கொண்டது.

"நீயே வைம்மா" என்றார் டிரைவர். "ரெண்டெழுத்துன்னா கூப்பிடச் சுலபம்."

"சட்டையில பேர் தைக்கவும் நூல் மிச்சம்" என்றார் தையற்காரர்.

மூன்று மாதத்தில் முதல் முறையாக, இருவரும் தோளில் கை போட்டுக்கொண்டு டீ குடிக்கக் கிளம்பினார்கள்.

அவள் பதிவேட்டை மூடினாள். அலை இயந்திரத்தின் மோட்டாரைக் காலை ஏழு மணிக்கே பழுதுபார்க்க லாரியில் ஏற்றி அனுப்பிவிட்டு, அதற்குக் கையெழுத்துப் போட்டவளும் அவள்தான். அன்று அந்தக் குளத்தில் எழுந்த ஒரே அலை, சம்பந்திகள் இருவரும் தொபுக்கடீரென்று சேர்ந்து குதித்தபோது எழுந்தது. அதுவும் முழங்காலுக்குக் கீழே.