நாலு நிமிஷ ஆட்டக்காரர்

"எதைத் தொட்டாலும் நாலு நிமிஷம், அஞ்சு நிமிஷம்னுதான் காட்டுது. இத்தனை கம்ப்யூட்டர் ஆட்டம் வாங்கி வச்சு ஒண்ணைக்கூட நீங்க முழுசா விளையாடலையா மிஸ்டர் பெட்ரிக்?"

ஐலா கேட்டதில் ஆச்சரியத்தைவிடச் சலிப்பே அதிகம். கனடாவின் தண்டர் பே நகரில் கம்ப்யூட்டர் பழுதுபார்க்கும் கடையில் அவளுக்கு வேலை. காலையிலிருந்து பனியில் வண்டியை ஓட்டிக்கொண்டு வீடு வீடாக ஏறி இறங்கியாயிற்று. இதுதான் கடைசி வீடு. இங்கேயாவது சீக்கிரம் முடியும் என்று நினைத்து வந்தவளுக்கு இடுப்பு ஒடிந்ததுதான் மிச்சம்.

லோர்ன் பெட்ரிக் துறைமுகத் தானியக் கிடங்கில் மாடாக உழைத்து ஓய்வு பெற்றவர். மனைவி காலமான பிறகு வீட்டில் ஒண்டி ஆள். தடித்துக் காய்த்துப்போன அவருடைய விரல்களுக்குள் மவுஸ் சோப்புக்கட்டி மாதிரி வழுக்கியது.

"எனக்கு எங்கேம்மா விளையாடத் தெரியும்? ஓடுடான்னா குதிக்குது. குதிடான்னா சுடுது."

"அப்புறம் எதுக்கு ஆறு கடையில கணக்கு?"

அவர் எழுந்து காபி கொண்டுவரப் போய்விட்டார்.

ஆறும் இணையத்தில் விளையாட்டு விற்கும் கடைகள். ஒவ்வொன்றுக்கும் அவர் ஒரு பெயர், ஒரு கடவுச்சொல் வைத்திருந்தார். பாதி மறந்துபோயிருந்தது. எல்லாக் கடையிலும் வாங்கியதைத் திரட்டி ஒரே பட்டியலாகக் காட்டும் செயலி ஒன்றை ஐலா போட்டுக் கொடுத்திருந்தாள். ஆனால் கடைக்குள் நுழைய, அவருடைய போனுக்கு ஓர் எண் வரும். அவர் கண்ணாடியைத் தேடி எடுத்து, துடைத்து, ஒவ்வோர் எண்ணாகப் படித்து முடிப்பதற்குள் அது காலாவதியாகிவிடும். மறுபடியும் முதலிலிருந்து.

"சீக்கிரம் படிங்க, சீக்கிரம்!"

"ஆறா, எட்டான்னு தெரியலையேம்மா."

"இங்க குடுங்க, நானே பார்க்கிறேன்."

ஒருவழியாக ஆறு கடையும் ஒரு திரைக்குள் வந்து சேர்ந்தன. படங்கள் வரிசை வரிசையாக விரிந்தன. ஐலா தலையில் கை வைத்துக்கொண்டாள்.

"ஒரே ஆட்டத்தை ரெண்டு கடையில வாங்கியிருக்கீங்க. இதைப் பாருங்க, மூணு தடவை!"

"அதுக்குத்தாம்மா உன்னைக் கூப்பிட்டேன். எதைப் பார்த்தேன், எதைப் பார்க்கலைன்னே குழம்பிப்போகுது. அலைஞ்சு அலைஞ்சு அலுத்துப்போச்சு. எல்லாம் ஒரே இடத்துல இருந்தா தேவலை."

அவர் பெர்சியன் பன் வைத்த தட்டை அவள் பக்கம் நகர்த்தினார். மேலே இளஞ்சிவப்புச் சர்க்கரைப் பூச்சு காய்ந்து விரிசல் விட்டிருந்தது. மரியாதைக்கு ஒரு துண்டு பிய்த்து வாயில் போட்டுக்கொண்டாள். அவள் வீட்டிலும் இதே கூத்துதான். தள்ளுபடி என்று எங்கே பார்த்தாலும் அவள் கணவன் டேரில் வாங்கிப் போட்டுவிடுவான். தொடவே மாட்டான். ஆண்களுக்கு இது என்ன வியாதியோ.

"சரி, எப்படிப் பிரிக்கட்டும்? பந்தயம் ஒரு பக்கம், சண்டை ஒரு பக்கம், பண்ணை வச்சு விவசாயம் பண்றது ஒரு பக்கம்?"

"அதெல்லாம் வேண்டாம்மா. பார்த்தது, பார்க்காதது. ரெண்டே ரெண்டு."

"பிடிச்சதுக்கு நட்சத்திரம் போட்டு வைக்கலாமே."

"போடுற மாதிரி இதுவரைக்கும் ஒண்ணும் அமையலையே."

ஐலாவுக்குப் பொறுமை போய்விட்டது. "எதுவுமே பிடிக்கலைன்னா ஏன்தான் வாங்கிக் குவிக்கிறீங்க? ஜன்னல் இடுக்குல பனிக்காத்து பிச்சுக்கிட்டு அடிக்குது. அதை அடைச்சிருக்கலாம். இல்ல, கிளப்புக்குப் போய் நாலு பேரோட சீட்டாவது ஆடலாம்."

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். பெரியவர் கோபப்படவில்லை. கோப்பையின் விளிம்பைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டே இருந்தார்.

"ஒண்ணைத் திறந்து காட்டும்மா. சரியா ஓடுதான்னு பார்த்துட்டா நீ கிளம்பலாம்."

பார்க்காத வரிசையில் முதலாவதாக இருந்ததை ஐலா திறந்தாள். எக்காளம் முழங்கியது. மலை உச்சியில் கோட்டை ஒன்று தீப்பிடித்து எரிய, அதன்மேல் டிராகன் ஒன்று வட்டமிட்டது. அவளே ஒரு கணம் மயங்கிப் பார்த்தாள். லோர்ன் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மவுஸைத் தன் பக்கம் இழுத்தார். இவ்வளவு நேரம் தட்டுத்தடுமாறிய கை, திரையின் மூலையில் இருந்த சின்ன எழுத்துக்கு நேராகப் போய் நின்றது.

டிராகன் மறைந்தது. கறுப்புத் திரையில் அந்த விளையாட்டை உருவாக்கியவர்களின் பெயர்கள் கீழிருந்து மேலே ஊர ஆரம்பித்தன.

"ஐயோ, அது செஞ்சவங்க பேருங்க. அதையெல்லாம் யாரும் படிக்க மாட்டாங்க. இதை அமுக்கினா தாண்டிப் போயிடலாம்."

நீட்டிய அவள் கையை அவர் மெல்லத் தடுத்தார். "இரும்மா. ஒண்ணும் விட்டுப்போயிடக் கூடாது."

மூக்கு திரையில் இடிக்கும் அளவுக்குக் குனிந்திருந்தார். உதடுகள் ஒவ்வொரு பெயராக முணுமுணுத்தன. படம் வரைந்தவர்கள், இசை அமைத்தவர்கள், பிழை பார்த்தவர்கள், சமையல்காரர்கூட வந்து போனார். கடைசிப் பெயரும் மேலேறி மறைந்தது. அவர் நாற்காலியில் சாய்ந்தார். பிறகு அந்த விளையாட்டைப் பார்த்தாயிற்று என்கிற வரிசைக்குத் தள்ளினார்.

ஐலாவின் குரல் இறங்கிவிட்டது. "யாரைத் தேடுறீங்க?"

"என் பையனை. கோவிச்சுக்கிட்டுப் போனவன் ஏதோ ஒரு கம்பெனியில விளையாட்டு செய்றானாம், எந்த ஊருன்னுகூட யாருக்கும் தெரியல... அடுத்ததைத் திறம்மா."