இன்னொரு சமன்பாடு

"அப்பா, இந்தக் கணக்கைப் போட்டுத் தாங்க!"

மகள் நீட்டிய தாளைக் கணக்கு வாத்தியார் பாய்ந்து வாங்கினார். கணக்கைக் கண்டுவிட்டால் அவருக்குச் சோறு தண்ணீர் வேண்டாம்.

பாதியில் கிழிந்த தாள். அதில் இருந்தது ஒரே வரி: இரண்டு எக்ஸ் கூட்டல் மூன்று ஒய் சமம் முப்பத்தொன்று.

"தெரியாதது ரெண்டு, சமன்பாடு ஒண்ணு! எந்தக் கொம்பனாலயும் போட முடியாதே. மீதித் தாள் எங்க கண்ணு?"

"அம்மாகிட்ட."

வாத்தியார் முகம் சுருங்கியது. மனைவியோடு பேசி ஒரு வாரமாகிறது. சண்டை எதற்கு என்பதே மறந்துபோயிற்று. யார் முதலில் பேசுவது என்ற வீம்பு மட்டும் மிச்சம். வெறிச்சென்று கிடந்த வீடு அவருக்குத் தாங்கவில்லை. ஆனாலும் இறங்கிப்போக மனசு வரவில்லை.

"நீயே போய் வாங்கிட்டு வா."

"உங்களைத்தான் வந்து கேக்கச் சொன்னாங்க."

கொஞ்ச நேரம் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்தார். முடியாத கணக்கு மண்டைக்குள் அரித்தது. கடைசியில் சமையலறை வாசலில் போய் நின்று தொண்டையைச் செருமினார்.

"அது வந்து... அந்த இன்னொரு சமன்பாடு?"

மருந்துக்கடை வேலை முடிந்து வந்து வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த மனைவி, தலையைத் தூக்கவில்லை. "ஒய் சமம் எக்ஸ் கழித்தல் மூணு."

"அடி சக்கை! பிரதியிட்டா முடிஞ்சுது!" சட்டைப் பையிலிருந்த சாக்கட்டியால் சமையல் மேடையிலேயே எழுத ஆரம்பித்துவிட்டார். "ஒய் இருக்கற இடத்துல இதைப் போடு. ரெண்டு எக்ஸ், கூட்டல் மூணு எக்ஸ், கழித்தல் மூணு..."

"மூணு இல்லைங்க, ஒன்பது! அடைப்புக்குறிக்குள்ள இருக்கறதை எல்லாம் பெருக்க வேண்டாமா? நல்ல வாத்தியார் போங்க!"

"அட ஆமா, ஒன்பது! அப்போ அஞ்சு எக்ஸ் சமம் நாப்பது!"

"எக்ஸ் எட்டு!"

"ஒய் அஞ்சு!"

இருவரும் கத்திய கத்தலில் பக்கத்து வீட்டு ஜன்னல் திறந்தது. வாத்தியாருக்குச் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. பழியை வெங்காயத்தின் மேல் போட்டுக்கொண்டார்.

"கண்ணு, ஓடி வா! உன் வீட்டுப்பாடம் முடிஞ்சுது!"

மகள் திருதிருவென்று விழித்தாள். "என் வீட்டுப்பாடமா? நான் ரெண்டாங்கிளாஸ்தானேப்பா! அம்மாதான் எழுதி, பாதியாக் கிழிச்சு, உங்ககிட்டக் கொடுக்கச் சொன்னாங்க."