பந்து வீசும் கை

பத்திரிகையிலிருந்து ஆசிரியர் குனிகாதா, படக்கதை வரையும் மிசாவோவுக்குப் போன் செய்தார். "சென்செய், நம்ம ஹீரோ இடது கையாலதானே பந்து வீசுவான்?"

"அதென்ன கேள்வி? ஆரம்பத்திலேர்ந்தே அப்படித்தான்."

"இந்த வாரம் பூரா வலது கையால வீசுறானே! அதுவும் இறுதி ஆட்டத்துல. வாசகர்கள் கிழிச்சுடுவாங்க. முடியலைன்னா சொல்லுங்க, தொடரை முடிச்சுக்கலாம்."

மிசாவோ, தான் அனுப்பிய பக்கங்களின் நகலைப் புரட்டினாள். உண்மைதான். கண்ணால் பார்ப்பதை மட்டுமே வரைகிறவள் அவள். பிறகு எப்படி இது?

"என்னங்க, எனக்குப் புத்தி பிசகிடுச்சா?"

"அம்பது வயசாச்சுல்ல, பிசகும்," என்றார் கணவர் தெத்சுரோ, சோற்றுருண்டையைக் கடித்தபடி. சில நாட்களாக அவர் குச்சிகளால் சாப்பிடுவதே இல்லை.

"கேலி போதும். திரும்ப வரையணும், வந்து நில்லுங்க."

ஒரு காலத்தில் கம்பெனி பேஸ்பால் அணிக்கு இடது கையால் பந்து வீசியவர் அவர். அவரை நிற்க வைத்துத்தான் அவள் நாயகனை வரைவாள். அவர் பந்தை எடுத்து, காலைத் தூக்கி நின்றார்.

பந்து வலது கையில் இருந்தது.

"இடது கைங்க."

மிசாவோ பந்தை வாங்கி அவருடைய இடது உள்ளங்கையில் வைத்தாள். விரல்கள் மூடவில்லை. பந்து நழுவித் தரையில் உருண்டது.

"எப்பலேர்ந்து?"

"போன வாரம். சொன்னா ஆஸ்பத்திரிக்கு இழுத்துட்டுப் போயிடுவே. உன் கதைப் பையன் ஜெயிச்சுடட்டும், அப்புறம் சொல்லலாம்னு..."

மிசாவோ போனை எடுத்தாள்.

"குனிகாதா சான், இந்த வாரம் ஆட்டம் கிடையாது. நம்ம பந்துவீச்சாளருக்குக் கை சரியில்ல."