துளசியின் முன்னிலையில்

யாரும் வாயைத் திறக்கவில்லை.

நீலவேணி மறுபடியும் கேட்டாள். "துளசியால முடியாமப் போனா தனுஷியாவை யார் வளர்க்கிறது? அதுக்குத்தான் இந்தக் கூட்டம். நீங்க எடுக்கிற முடிவுதான் முடிவு."

கனகலிங்கம் கார்ச் சாவியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தார். அவர் மனைவி சிவனேஸ்வரி மேசையைப் பார்த்தாள். கனகலிங்கத்தின் அக்கா கமலேஸ்வரி, யாரும் தொடாத ரோல்ஸ் பலகாரத் தட்டைக் கொஞ்சம் தள்ளி வைத்தாள். ஆஸ்பத்திரி வாகனத்தில் வந்து இறங்கிய துளசி சக்கர நாற்காலியில் இருந்தபடி கம்பளித் தொப்பியை மடித்தாள், விரித்தாள், மறுபடி மடித்தாள்.

துளசிக்கு சிவனேஸ்வரி ஒன்றுவிட்ட அக்கா. துளசி ஆஸ்பத்திரியில் படுத்த நாளிலிருந்து, அவளுடைய ஏழு வயது மகள் தனுஷியா லண்டன் கோலியர்ஸ் வுட்டில் கனகலிங்கம் தம்பதியின் வீட்டில்தான் இருக்கிறாள். இவர்கள் பொறுப்பேற்காவிட்டால் லண்டனுக்கு வெளியே கென்ட்டில் ஒரு வளர்ப்புக் குடும்பம் தயாராக இருந்தது. நல்ல மனிதர்கள்தான். நாய் வளர்க்கிறார்கள். தமிழ் மட்டும் தெரியாது.

நீலவேணி மலேசியாவின் ஈப்போவிலிருந்து படிக்க வந்து லண்டனிலேயே தங்கிவிட்டவள். உள்ளூர் கவுன்சிலில் குழந்தைகள் நல அதிகாரி. போன வருடம் கவுன்சில் செலவில் நியூசிலாந்து போய், அங்குள்ள பூர்வகுடிகளான மாவோரிகளின் குடும்பக் கூட்ட முறையைப் படித்துவிட்டு வந்திருந்தாள். பிள்ளை யாரிடம் வளர வேண்டும் என்று வெள்ளைக்கார அதிகாரி தீர்மானிக்கக் கூடாது, குடும்பமே உட்கார்ந்து பேசட்டும், சாப்பாடும் இருக்கட்டும் என்பது அந்த முறை. ரோல்ஸ் அதற்காகத்தான் வந்தது.

அன்று காலை கவுன்சில் அலுவலகத்தின் இதே அறையில் சக ஊழியர்களுக்கு அவள்தான் வகுப்பு எடுத்தாள். வெள்ளைக்காரன் கொடுத்த அளவுகோலைத் தூக்கிப் போடுங்கள், ஒவ்வொரு சமூகத்துக்கும் பேசுவதற்கு ஒரு முறை இருக்கிறது, பேசாமலிருப்பதற்கும் ஒரு முறை இருக்கிறது என்றாள். நல்ல கைதட்டல்.

இப்போது கைக்கடிகாரத்தைப் பார்த்தாள்.

"மிஸஸ் கனகலிங்கம், ஏதாவது சொல்லுங்க."

"அவ சுகமாகி வந்திடுவா. பிறகு பாப்பம்" என்றாள் சிவனேஸ்வரி.

"டாக்டர் ரிப்போர்ட் அப்படிச் சொல்லலையே."

கனகலிங்கம் சுவரைப் பார்த்துக்கொண்டு, தங்கள் வீடும் சின்னதுதான் என்று முணுமுணுத்தார்.

பிள்ளையைத் தள்ளிவிடப் பார்க்கிறார்கள் என்று நீலவேணிக்குப் பட்டது. நல்ல நாளில் சொந்தம், கெட்ட நாளில் வீடு சின்னது. பெற்றவள் எதிரிலேயே இப்படிப் பேச எப்படித்தான் மனசு வருகிறதோ.

அவளுடைய போன் அதிர்ந்தது. ஈப்போவிலிருந்து அண்ணன் லெட்சுமணன். மன்னிப்புக் கேட்டுக்கொண்டு வராந்தாவுக்குப் போனாள்.

அப்பா போன பிறகு அம்மா தனியாக இருக்க முடியாது என்று ஆகிவிட்டது. அண்ணன் வீட்டிலா, தங்கை வீட்டிலா, இல்லை முதியோர் இல்லமா என்று வாரக்கணக்கில் பேச்சு.

"அம்மா பக்கத்துல இருக்காங்களா?" என்றாள் நீலவேணி.

"ஆமா, டிவி பாக்குறாங்க."

"அப்ப இப்ப பேச வேணாம்ணே. அவங்க தூங்கட்டும், இல்லன்னா நீ வெளிய வந்துட்டுக் கூப்பிடு."

திரும்பி வந்தபோதும் அறை அப்படியேதான் இருந்தது. இன்னும் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, கூட்டம் முடிந்தது என்றாள். உறவினர்கள் யாரும் பொறுப்பேற்க முன்வரவில்லை என்று பைலில் எழுதினாள். கனகலிங்கம் துளசியின் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போனார். கமலேஸ்வரி துளசியின் போர்வையைச் சரிசெய்துகொண்டே பின்னால் நடந்தாள்.

கென்ட் குடும்பத்துக்குச் சொல்ல நீலவேணி போனை எடுத்தபோது கதவு திறந்தது. சிவனேஸ்வரி மூச்சு வாங்க நின்றாள்.

"துளசி வாகனத்தில ஏறிட்டா. இப்ப கேளுங்கோ."

"எதை?"

"பிள்ளையை ஆர் வளக்கிறதெண்டு."

நீலவேணி போனைத் தாழ்த்தினாள்.

"நாங்கள்தான் வளப்பம். வேற ஆர்? அறைக்குப் பெயின்ட் அடிச்சாச்சு. இவர் நைட் ஷிப்டை விட்டிட்டார். பள்ளிக்கூடத்தால கூட்டிக்கொண்டு வாறது கமலேஸ்வரி மச்சாள்."

"இதை உள்ளேயே சொல்லியிருக்கலாமே மிஸஸ் கனகலிங்கம். கூட்டமே அதுக்குத்தானே. வீடு சின்னதுன்னு வேற சொன்னார்."

"நீங்கள் விடாமல் கேட்டா அந்த மனுசன் என்ன செய்யிறது? வாயில வந்ததைச் சொல்லிப்போட்டார்." சிவனேஸ்வரி குரலைத் தாழ்த்தினாள். "அவவை முன்னால வைச்சுக்கொண்டு நாங்கள் ஓமெண்டு சொன்னா, இண்டைக்கே அவவை வழியனுப்பி வைக்கிற மாதிரியெல்லோ?"

கூட்டத்தில் சொல்லாததைப் பதிவு செய்ய முடியாது, விதி அப்படி என்று நீலவேணி விளக்க ஆரம்பித்தாள். கையிலிருந்த போன் அதிர்ந்தது. பழக்கதோஷத்தில் எடுத்துவிட்டாள். அந்தச் சின்ன அறையில் லெட்சுமணனின் குரல் இருவருக்கும் கேட்டது.

"வாசலுக்கு வந்துட்டேன், அம்மாவுக்குக் கேக்காது. இப்ப சொல்லு, அம்மாவை யாரு வெச்சிக்கிறது?"

சிவனேஸ்வரி நாகரிகமாக வேறு பக்கம் பார்த்தாள்.

"அப்புறம் கூப்பிடுறேண்ணே" என்று நீலவேணி போனை வைத்தாள். மூடிய பைலைத் திறந்து, எழுதிய வரியை அடித்தாள்.

"உட்காருங்கக்கா" என்றாள். "கூட்டம் இன்னும் முடியல."